நோய் அண்டாத் துணி: தெங்கனான் ஊரின் கெரிங்சிங் நெசவு

இந்தோனேசியாவின் பாலித் தீவில், கிழக்கே கராங்காசெம் பகுதியின் குன்றுகளுக்கிடையே அமைந்த தெங்கனான் பெகிரிங்சிங்கான் என்னும் ஊரில் நெய்யப்படும் கெரிங்சிங், தன்னை அணிந்தவரை நோயும் தீய ஆற்றல்களும் அணுகாமல் காக்கும் என்று தலைமுறைகளாக நம்பப்பட்டு வரும் பருத்தித் துணியாகும். நோயின்மை என்பதே பெயரின் பொருளென்று ஊரார் கூறுவர். கதைகளில் வரும் மந்திரத் துணிகளுக்கு யாரோ ஒருவர் ஓதி ஆற்றல் ஏற்றுவது வழக்கம். தெங்கனானிலோ நூலை எண்ணெயில் ஊறவைக்கும் நாள் முதல் தறியிலிருந்து துணியை எடுக்கும் நாள் வரை கடைப்பிடிக்கப்படும் பொறுமையும் ஒழுங்குமே அந்த ஆற்றலின் இருப்பிடமாகக் காணப்படுகின்றன.

தெங்கனான் மக்கள் ‘பாலி ஆகா’ எனப்படுவோர். மஜாபாகித் பேரரசின் செல்வாக்கு பாலியில் பரவுவதற்கு முந்தைய வழக்கங்களைப் பேணிவருவோர் என்பது அதன் கருத்து. இந்திரனையே முதன்மைத் தெய்வமாகப் போற்றும் இவர்களது தொன்மக் கதையின்படி, இரவு வானின் அழகில் தோய்ந்த இந்திரனே இவ்வூர்ப் பெண்களுக்கு இந்த நெசவைக் கற்பித்தான். மதிலும் வாயில்களும் சூழ, கல் பாவிய அகன்ற தெருக்கள் படிப்படியாக மேலேறிச் செல்லும் இவ்வூரில், திருமண உறவையும் ஊர்ச்சபை உரிமையையும் ஊருக்குள்ளேயே வரையறுக்கும் கட்டுப்பாடுகள் நெடுங்காலமாக நிலவுகின்றன.

கெரிங்சிங்கின் சிறப்பு ‘இரட்டை இகத்’ என்னும் முறையில் உள்ளது. இகத் என்பது நெய்வதற்கு முன்பே நூலின் குறிப்பிட்ட இடங்களை இறுகக் கட்டிச் சாயத்தில் தோய்த்து, கட்டிய இடத்தில் சாயம் ஏறாதபடி செய்து வடிவத்தை நூலிலேயே பதிக்கும் கலையாகும். பாவு நூலையோ ஊடை நூலையோ மட்டும் இவ்வாறு கட்டுவது பல நாடுகளில் உண்டு. இரண்டையும் கட்டித் தோய்த்து, நெய்யும்போது பாவின் வடிவமும் ஊடையின் வடிவமும் ஒன்றன்மேல் ஒன்று பிசகாமல் பொருந்தச் செய்வது உலகில் மிகச் சில இடங்களுக்கே உரியது.

சாயமேற்றும் பணி நெசவைவிட நெடியது. கெமிரி என்னும் கொட்டையின் எண்ணெயும் மரச்சாம்பலை வடித்த காரநீரும் கலந்த கலவையில் நூல் வாரக்கணக்கில் ஊறுகிறது. நாற்பத்திரண்டு நாள் என்பது மரபுக் கணக்கு. இதனால் நூல் இளமஞ்சள் நிறம் பெறுவதோடு, பின்னர் வரும் சிவப்பு ஆழமாகப் பற்றுவதற்கும் தகுதி பெறுகிறது. கட்டுக் கட்டிய நூல் முதலில் அவுரி நீலத்திலும், சில கட்டுகள் அவிழ்க்கப்பட்டபின் சிவப்பிலும் தோய்க்கப்படும். சிவப்பு கிடைப்பது தமிழகத்தில் நுணா எனப்படும் மர இனத்தின் வேர்ப்பட்டையிலிருந்து. வேண்டிய அடர்த்தி வரும்வரை தோய்ப்பதும் உலர்த்துவதும் நீண்ட இடைவெளிகளுடன் திரும்பத் திரும்ப நடைபெறுவதால், ஒரு துணி முழுமை பெற ஆண்டுகள் சில கழிவது இயல்பு. நீலத்தின்மேல் சிவப்பு ஏறிய இடம் கருமையாகவும், இரண்டும் படாத இடம் வெண்மையாகக் கருதப்படும் வெளிர்மஞ்சளாகவும் நிற்க, சிவப்பு, கருமை, வெண்மை என்னும் மூன்று நிறங்களே துணியில் எஞ்சுகின்றன. பாலி இந்து மரபில் இம்மூன்றும் பிரமன், விஷ்ணு, சிவன் ஆகியோருக்கு உரியவை.

இத்துணியைக் குஜராத்தின் பட்டான் நகரத்துப் பட்டோலாப் பட்டுடன் ஒப்பிடுவது ஆய்வாளர் வழக்கம். வணிகர்வழி இந்தோனேசியத் தீவுகளை அடைந்த பட்டோலாவின் கோலங்கள் சில கெரிங்சிங்கில் தென்படுவதால் அவ்வொப்பீடு பொருந்துவதே. எனினும் செய்முறையை நோக்கின், பருத்தி நூலை எண்ணெயிலும் சாம்பல் காரத்திலும் பதப்படுத்தி இரட்டை இகத்தாக நெய்யும் தெலுங்கு நாட்டுத் தேலியா ருமாலே இதற்கு நெருங்கிய உறவாகத் தோன்றுகிறது; அந்த ஒற்றுமைக்கு இன்னும் கூடுதல் கவனம் தரப்பட வேண்டும்.

தறி மிக எளியது. வீட்டின் திண்ணையில் கால் நீட்டி அமர்ந்த பெண், பாவின் ஒரு முனையை எதிரே நிலைக்கட்டையில் பிணைத்து, மறுமுனையைத் தன் இடுப்பின் பின்புறம் செல்லும் வாரில் பிணைத்துக்கொள்கிறாள். உடலைப் பின்னே சாய்த்தால் பாவு இறுகும், முன்னே வளைந்தால் தளரும். சில ஊடை இழைகள் ஓடியதும் நெசவு நின்றுவிடுகிறது. பாவைத் தளர்த்தி, கூர்நுனிக் கருவியொன்றால் இழைகளை மயிரிழை அளவு இடமும் வலமும் நகர்த்தி, ஊடையின் சிவப்பு பாவின் சிவப்பின்மேல் அமர்ந்த பிறகே பலகையால் தட்டி இறுக்குகிறாள். நெய்த நேரத்தைவிடத் திருத்திய நேரமே மிகுதி. துணி சற்றே தளர்வாக நெய்யப்படுவதும் இதற்காகவே. நெருக்கமாக நெய்தால் இழை நகராது.

பாவு தொடர்ச்சியாகச் சுற்றப்படுவதால் துணி வளையமாகவே தறியை விட்டு வருகிறது. நெய்யப்படாத பாவிழைகளை அறுத்த பின்பே அது உடையாகும். அறுக்கப்படாத வளையத்துணிக்குச் சடங்குகளில் தனி மதிப்பு உண்டு. உசாபா சம்பா என்னும் ஆண்டுவிழாவில் மணமாகாப் பெண்கள் கெரிங்சிங் அணிந்து பெரிய மர ஊஞ்சல்களில் அமர்கின்றனர். அவ்விழாவிலேயே ஆண்கள் முள்தாழை மடல்களால் பொருதுகின்றனர். ஊருக்கு வெளியிலும், காமம் முதலான அறுபகையை அடக்கும் பொருட்டுப் பல்லை அராவும் சடங்கில் பாலி மக்கள் இத்துணியைப் பயன்படுத்துகின்றனர்.

இத்தனைக்கும் நடுவே சிந்திக்க வேண்டிய உண்மை ஒன்றுண்டு. அவுரிச் சாயம் தோய்ப்பதற்குத் தெங்கனானில் தடை இருப்பதால், கட்டிய நூல் அருகிலுள்ள புக்புக் ஊருக்கு அனுப்பப்பட்டு, அங்குள்ள சாயத் தொழிலாளர் கையில் நீலம் பெற்றுத் திரும்புகிறது. கையால் நூற்ற பருத்தியும் சிவப்புக்கான வேர்ப்பட்டையும் மரபாகக் கடலுக்கு அப்பாலுள்ள நூசா பெனிடா தீவிலிருந்து வருபவை. உறவிலும் உரிமையிலும் தன்னை மூடிக்கொண்ட ஓர் ஊர், தன் தூய்மையைக் காக்கும் துணிக்கு அயலாரின் உழைப்பை ஏற்றுக்கொண்டிருக்கிறது. சுற்றுலா வணிகம் விரைவையும் மலிவையும் வேண்டிநிற்கும் இக்காலத்தில், கெரிங்சிங்கைக் காக்க முனைவோர் தெங்கனானின் தறிகளை மட்டும் கருதுவது போதாது. புக்புக்கின் அவுரித் தாழிகளுக்கும் பெனிடாவின் நூற்பவர்களுக்கும் உரிய கூலியும் மதிப்பும் கிடைக்க வழிசெய்வதும் அதே பணியின் பகுதியாகும்.