பெறுமதிப் பந்தி

என் பிரியாவிடைக் கூட்டத்தில் இளம் சட்டத்தரணி ஒருவர், "ஐயா பெறுமதிப் பந்தியிலேயே நிண்டு சண்டை பிடிக்கிற ஆள்" என்றார். பாராட்டாகத்தான் சொன்னார். ஆனால் இந்தக் காலத்தில் வழக்கின் பெறுமதியைச் சொல்லும் அந்தப் பந்தியைக் கிளாக் பார்த்துக்கொள்வார் என்றும் சேர்த்துக்கொண்டார். மேடையில் நான் வாய் திறக்கவில்லை. இங்கே சொல்கிறேன்.

மூதூர்ப் பக்கத்துச் சம்பூரில் காணி ஒன்றுக்குப் பெறுமதி போட்டுப் பார்த்தவர் அப்படிப் பேசமாட்டார். 2006இல் போரால் சனம் ஓடியது. அடுத்த வருடம் உயர் பாதுகாப்பு வலயம் வந்தது. பிறகு அனல்மின் நிலையத்துக்கென்றும் முதலீட்டுக்கென்றும் காணிகள் போயின. 818 ஏக்கர் 2015இலும், கடற்படை முகாம் இருந்த 237 ஏக்கர் 2016இலும் விடுபட்டபோது, திரும்பி வந்தவர்கள் கண்டது பற்றைக்காடு. வீடில்லை, வேலியில்லை, எல்லைப் பனையும் இல்லை. வழக்கு வைக்கிற நாளில் அந்த நிலத்தின் விலை என்ன? ஒப்பிட்டுப் பார்க்கப் பக்கத்தில் ஒரு விற்பனை உறுதி கிடைப்பதே அரிது. அனல்மின் நிலையம் வரும் என்ற பேச்சில் ஒரு விலை, 2016 செப்டம்பரில் அது கைவிடப்பட்டபின் வேறொரு விலை. கட்சிக்காரரைக் கேட்டால், "அப்பு கிணறு வெட்டின காணி ஐயா" என்பார். அதற்கு விலை எழுத எந்தச் சட்டத்திலும் வழியில்லை. கட்டைபறிச்சான், தோப்பூர்ப் பக்கத்து உறுதிகளைத் தேடி, வயலா மேட்டுக்காணியா, பாதை உண்டா, கிணற்றில் நல்ல தண்ணியா என்று விசாரித்துத்தான் ஒரு தொகைக்கு வருவேன். கூட்டிப்போட்டால் ஏழை முத்திரைக்கு அழுவார். குறைத்துப்போட்டால் எதிராளிக்கு வாய் கிடைக்கும்.

இதை எனக்குப் பழக்கியவர் என் சீனியர். 1974இல் சிறு வழக்குகளுக்கான றிக்குவெஸ்ட் கோடுகள் ஒழிக்கப்படும்வரை அங்கேயும் நின்று வாதாடியவர். காணியின் பெறுமதி முந்நூறு ரூபாயைத் தாண்டினால் வழக்கு மாவட்ட நீதிமன்றத்துக்குப் போய்விடும் என்ற காலத்தையும் கண்டவர். பத்து ரூபாய் வித்தியாசத்தில் கோடு மாறும். ஆகவே எந்தப் பிளெயின்ட் (வழக்குரை) கைக்கு வந்தாலும் பெறுமதிப் பந்தியைத்தான் முதலில் வாசிப்பார். எதிராளிக்காக நான் எழுதிய ஆன்சரில் "ஏனைய பந்திகளை மறுக்கிறோம்" என்று பொதுவாகக் கண்டால் தாளைக் கிழித்துவிடுவார். நியாயாதிக்கத்தை மறுப்பதானால் தனியாக, வெளிப்படையாக மறுக்க வேண்டும் என்று குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின் 76ஆம் பிரிவு சொல்கிறது என்பார். அவரிடம் இன்னொரு கண்டிப்பும் இருந்தது. உன்னுடைய தொகை எவ்வளவு என்று சொல்ல முடியாவிட்டால் ஆட்சேபிக்காதே. வழக்கை இழுக்க மட்டும் பெறுமதியைத் தூக்குகிறவர்களை அவர் மதித்ததே கிடையாது. நானும் மதித்ததில்லை.

நேரத்தோடு எழுப்பினால் ஆட்சேபம் இரு தரப்புக்கும் நல்லது. பெறுமதி குறைந்தால் திருத்தவும், முத்திரை குறைந்தால் நிரப்பவும் அதே கோவையின் 46ஆம் பிரிவில் தவணை உண்டு. தமிழ்நாட்டின் 1955ஆம் ஆண்டு நீதிமன்றக் கட்டணச் சட்டம் 12ஆம் பிரிவில் இதை இன்னும் இறுக்கிக் கட்டியிருக்கிறது: வழக்கின் தகுதி பற்றிச் சாட்சியம் பதிவாகுமுன் எதிராளி சொல்லிவிட வேண்டும், கோடும் அதை அதற்கு முன்னரே தீர்க்க வேண்டும். இந்திய உச்ச நீதிமன்றம் 1954இல் கிரண் சிங் வழக்கில், பெறுமதிப் பிழையால் வழக்கின் முடிவே கெட்டது என்று காட்டாமல் மேன்முறையீட்டில் அதைக் கிளப்ப முடியாது என்றது.

இப்போது நடப்பது என்ன? பழைய பிளெயின்டைக் கணினியில் திறந்து பெயரை மாற்றுகிறார்கள், தொகை அப்படியே கிடக்கிறது. மூதூர் வயலுக்கும் திருகோணமலை நகரக் காணிக்கும் ஒரே பெறுமதி. எதிர்த்தரப்புச் சட்டத்தரணியும் வாசிப்பதில்லை. ஆன்சர் போட்டு, எழுவினாக்கள் எடுத்து, சாட்சி முடிந்து, தோற்றபின்தான் மேன்முறையீட்டு மனுவில் பெறுமதி ஞாபகம் வருகிறது. கேட்டால், நியாயாதிக்கத்தை எப்போதும் எழுப்பலாம் என்கிறார்கள். அறவே அதிகாரமில்லாத கோட்டுக்குத்தான் அது பொருந்தும். மற்றதெல்லாம் முதல் சந்தர்ப்பத்திலேயே சொல்ல வேண்டியது என்று நவரத்தினசிங்கம் எதிர் ஆறுமுகம் வழக்கில் 1980இலேயே எங்கள் மேன்முறையீட்டு நீதிமன்றம் விளக்கிவிட்டது. எதிராளி ஆன்சர் போட்டபின் இரு தரப்புக்கும் வாயில்லை என்று நீதித்துறைச் சட்டத்தின் 39ஆம் பிரிவு 1978இலிருந்து சொல்லிக்கொண்டிருக்கிறது. ஆன்சருக்கு மூன்று தவணை கேட்டு வாங்குகிறவர்கள் அந்த ஒரு பந்தியை எந்தத் தவணையில் வாசிக்கப் போகிறார்கள்?