அடி வாங்கும் ஹீரோ: ஜாக்கி சானின் டாப் 3

ஜாக்கி சான் படங்களில் எது பெஸ்ட் என்று நம் வகுப்பில் கேட்டுப் பாருங்கள். பாதிப் பேர் 'ரஷ் ஹவர்' (1998) என்பார்கள், மீதிப் பேர் 'கராத்தே கிட்' (2010) என்பார்கள். இரண்டுமே ஜாலியான படங்கள்தான். ஆனால் தலைவரின் அசல் சரக்கு எல்லாம் அதற்கு முன்னால் ஹாங்காங்கில் எடுத்த படங்களில்தான் இருக்கிறது என்பது என் கட்சி.

காரணம் ரொம்ப சிம்பிள். புரூஸ் லீ குத்தினால் எதிரிக்கு வலிக்கும். ஜாக்கி குத்தினால் அவர் கையும் சேர்த்து வலிக்கும். ஓங்கி ஒன்று விட்டுவிட்டு, கையை உதறிக்கொண்டே முகத்தைச் சுளிப்பார் பாருங்கள், சிரிப்பு வருவது அங்கேதான். முதலில் ஓடப் பார்ப்பார், வழியில்லை என்றால்தான் சண்டை. கிட்டத்தட்ட நம்மை மாதிரி!

சரி, லிஸ்டுக்கு வருவோம்.

1. டிரங்கன் மாஸ்டர் (1978): இயக்கம் யுவென் வூ பிங். வோங் ஃபெய் ஹுங் சீனாவில் நிஜமாக வாழ்ந்த குங்ஃபூ ஆசான். பழைய படங்களில் அவர் கண்ணியமான பெரியவராக வருவார். இதில் ஜாக்கி அவரையே அடங்காத வாலிபனாக்கிவிட்டார். குடிகாரக் குரு எட்டு தேவர்களின் பெயரில் எட்டு ஸ்டைல் சொல்லித் தருவார். எட்டாவது, ஒரு பெண் தேவதையின் ஸ்டைல். இவர் அதற்கு மட்டும் டிமிக்கி கொடுத்துவிடுவார். கிளைமாக்ஸில் கரெக்டாக அதுதான் தேவைப்படும். ஒரு யூனிட்டை சாய்ஸில் விட்டுவிட்டுப் பரீட்சைக்குப் போனவர்களுக்கு அந்தத் திருட்டு முழி நன்றாகப் புரியும்.

2. ப்ராஜெக்ட் ஏ (1983): ஜாக்கியே இயக்கியது. சின்ன வயதில் பீக்கிங் ஓபரா பள்ளியில் கூடப் பயின்ற சாமோ ஹுங்கும் யுவென் பியாவும் இதில் உண்டு. 1923-ல் வந்த 'சேஃப்டி லாஸ்ட்' என்ற மௌனப் படத்தில் ஹெரால்ட் லாய்ட் கடிகார முள்ளைப் பிடித்துத் தொங்குவார். ஜாக்கியும் இதில் மணிக்கூண்டு முள்ளில் தொங்குகிறார். ஆனால் அதோடு விடவில்லை. பிடி நழுவி, கீழே இருக்கும் இரண்டு துணிக் கூரைகளைக் கிழித்துக்கொண்டு தரையில் வந்து விழுகிறார். டூப் கிடையாது.

3. போலீஸ் ஸ்டோரி (1985): என் நம்பர் ஒன் இதுதான். ஷாப்பிங் மால் சண்டையில் உடைந்த கண்ணாடிகளுக்கு அளவே இல்லை. யூனிட் ஆட்கள் படத்துக்கு 'கிளாஸ் ஸ்டோரி' என்று பட்டப்பெயரே வைத்துவிட்டார்கள். மேல் மாடியிலிருந்து, மின்விளக்குகள் சுற்றிய கம்பத்தில் சறுக்கிக்கொண்டு இறங்கியதில் ஜாக்கியின் கைகள் வெந்துபோயின. ஹாங்காங் திரைப்பட விருதுகளில் சிறந்த படமாகத் தேர்வானதும் இதுதான்.

இங்கேதான் ஒரு விஷயம் என்னை உறுத்துகிறது. அவர் படங்களின் கடைசியில் பெயர்கள் ஓடும்போது, சொதப்பிய ஷாட்டுகளைக் காட்டுவார்கள். நாமும் சிரிப்போம். 'ஆர்மர் ஆஃப் காட்' படத்துக்காக யூகோஸ்லாவியாவில் மரக்கிளை முறிந்து விழுந்து அவர் மண்டை ஓடு உடைந்தது. அது சிரிக்கிற சமாச்சாரமா? போலீஸ் ஸ்டோரியின் ஆரம்பத்தில் மாடி பஸ் திடீரென்று நின்றதும் ஆட்கள் கண்ணாடியை உடைத்துக்கொண்டு வெளியே வந்து விழுவார்கள். ஒரு காரின் மேல் விழுவதாகத்தான் திட்டம். பஸ் கொஞ்சம் முன்னாலேயே நின்றுவிட, நேராக ரோட்டில் விழுந்தார்கள். ஜாக்கி பெயர் நமக்குத் தெரியும். அவர்களில் ஒருவர் பெயராவது தெரியுமா?

2016-ல் ஜாக்கிக்கு கௌரவ ஆஸ்கர் கொடுத்தார்கள். ஸ்டண்டுக்கென்று தனி ஆஸ்கர் வரப்போகிறது என்று அறிவித்ததே 2025-ல்தான். அதுவும் 2027 படங்களிலிருந்துதான்.

அதற்காக இந்தப் படங்களைப் பார்க்காதே என்று சொல்ல மாட்டேன். அந்தக் கடைசிக் காட்சிகளை மறைக்காமல் காட்டியதே ஒரு நேர்மை. வலி இல்லாத மாதிரி அவர் நடிக்கவில்லை. எனவே மக்களே, படம் முடிந்ததும் சேனலை மாற்றாதீர்கள். அந்த இரண்டு நிமிடம் உட்கார்ந்து, ஓடும் பெயர்களையும் கொஞ்சம் பாருங்கள். விழுந்தவர்கள் அதில்தான் இருக்கிறார்கள்.