சைக்கிள்... படகு... சுலைமானி!

கொச்சியின் பின்பக்கத் தெருக்களில் ஒரு சனிக்கிழமை

'செமஸ்டர் லீவுக்கு எங்கேடா போகலாம்?'னு எங்க ஹாஸ்டல்ல கேட்டா ரெண்டே பதில்தான். ஒண்ணு ஊட்டி, இன்னொண்ணு கோவா. கோயம்புத்தூர்ல படிக்கிறவனுக்கு ஊட்டி பக்கத்து வீடு மாதிரி. கோவாவுக்கோ, எங்க சீனியர்ஸ் சேர்ந்த நாள்லேர்ந்து பிளான் போட்டு, டிகிரி வாங்கிட்டும் போயிட்டாங்க. கோவாதான் இன்னும் வரலை!

என் பர்ஸ்ல இருந்தது ஐந்நூறு ரூபாய். அப்பதான் ரூம்மேட் கைகொடுத்தான். கொச்சி பக்கத்துல வைப்பின் தீவுக்காரன். மூணு வருஷத்துல தமிழை எங்களைவிட நல்லாப் பேசுவான். "எடா, எங்க வீட்டுக்கு வா. அம்மா மீன் கறி ஃப்ரீ. பழைய சைக்கிள் ரெண்டு கிடக்கு. டூரிஸ்ட் பார்க்காத கொச்சியைக் காட்டுறேன்" என்றான். சோறும் சைக்கிளும் ஃப்ரீன்னா, எந்த மெக்கானிக்கல் ஸ்டூடன்ட் வேணாம்பான்?

வெள்ளிக்கிழமை சாயங்காலம் ரயிலேறினோம். நாலு மணி நேரத்துல எர்ணாகுளம்.

பாலம் வந்த கதை

ராத்திரி சாப்பாடு, கப்பையும் மத்திக் கறியும். கப்பைன்னா நம்ம மரவள்ளிக்கிழங்குதான். ஆனா, குடம்புளி போட்ட அந்தச் சிவப்புக் குழம்புல தொட்டுச் சாப்பிட்டா, 'இத்தனை நாளா கிழங்கை சிப்ஸா வறுத்து வீணாக்கிட்டோமே'ன்னு தோணும்.

பரிமாறிக்கிட்டே அம்மா ஒரு கதை சொன்னாங்க. 2004-ல கோஸ்ரீ பாலங்கள் வர்ற வரைக்கும் வைப்பின்காரங்க எர்ணாகுளம் போக படகுதான் கதி. அவங்க காலேஜ் படிச்சதும் படகுலதான். "ஒரு படகை விட்டா ஒரு பீரியட் போச்சு. ராத்திரி யாருக்காவது பிரசவ வலி வந்தா, படகுக்காரன் வீட்டுக் கதவைத் தட்டணும்"னு சொன்னாங்க. கண்ணுக்கு எதிர்ல எர்ணாகுளத்து விளக்கு எரியுது, ஆனா போக முடியாது. எங்க சிவில் டிபார்ட்மென்ட் பசங்க பாலத்தை 'லோடு, ஸ்பேன்'னு மட்டும்தான் படிக்கிறாங்க. இந்த அம்மாவைக் கூட்டிட்டுப் போய் ஒரு கிளாஸ் எடுக்க வைக்கணும்!

பேச்சுவாக்குல என்னைப் பார்த்து, "மோனே, அச்சனு எந்தா ஜோலி?" என்றார்கள். எனக்கு முன்னாடி ரூம்மேட் முந்திக்கிட்டான். "மதுரையில துணி பிசினஸ் அம்மா."

எனக்குப் புரை ஏறியது. தண்ணி குடிச்சு சமாளிச்சேன். அது நான் முதல் வருஷம் அவன்கிட்ட சொன்ன பதில்தான். அது ஏன் தொண்டையில சிக்கிச்சுன்னு அப்புறம் சொல்றேன்.

கல்லும் வலையும்

சனிக்கிழமை காலையில புட்டு, கடலைக் கறி. ரெண்டு சைக்கிளையும் தள்ளிக்கிட்டு ரோ-ரோ படகுல ஏறினோம். லாரி, ஆட்டோ, பைக், மீன்கூடை எல்லாத்தையும் அப்படியே ஏத்திக்கிட்டுப் போற இரும்புத் தட்டு மாதிரி ஒரு படகு. இங்கே 2018-ல வந்தது. ரோட்டு வழியா சுத்திப் போனா தலையைச் சுத்தும். இதுல ஃபோர்ட் கொச்சி அஞ்சே நிமிஷம்!

கரையில வரிசையா நிக்குது சீன வலை. குப்லாய் கான் காலத்துல வந்ததுன்னு ஒரு கதை, சீனக் கடற்படைத் தளபதி செங் ஹ காலத்துல வந்ததுன்னு இன்னொரு கதை. எனக்குப் பிடிச்சது அதோட மெக்கானிசம்தான். ஒரு பக்கம் வலை, மறு பக்கம் கயித்துல வரிசையா தொங்குற கல்லுங்க, நடுவுல சாயுற மரச் சட்டம். வலை மேலே வர வர, கல் ஒவ்வொண்ணா கீழே வந்து உட்காரும். மோட்டார் கிடையாது. நாலைஞ்சு பேர் கயித்தை இழுத்தா, அவ்வளவு பெரிய வலை தண்ணியை விட்டு எழும்புது. முதல் செமஸ்டர்ல 'மொமென்ட்'னு போர்டுல போட்டப்போ நான் தூங்கிட்டேன். இங்கே முழிச்சுப் பார்த்தேன்.

நாங்களும் ஒரு தடவை கயித்தைப் பிடிச்சு இழுத்தோம். வந்தது ஒரு கைப்பிடி சின்ன மீன், ஒரு பிளாஸ்டிக் பாட்டில், ஒரு கொத்து ஆகாயத்தாமரை. வலைக்காரர் ஆகாயத்தாமரையை எடுத்து வீசிட்டு, "போட்டோ நிறைய விழுது, மீன்தான் விழல" என்றார். மரமும் விலை ஏறிப்போச்சாம். பல வலைகள்ல இப்ப இரும்புக் குழாய்தான்.

மிளகு வாசம்

எல்லா டூரிஸ்டும் போற இடத்துக்கு நாங்களும் ஒரு அட்டெண்டன்ஸ் போட்டோம். 1503-ல போர்ச்சுகீசியர் கட்டின புனித பிரான்சிஸ் சர்ச். வாஸ்கோடகாமா 1524-ல கொச்சியில இறந்து இங்கேதான் புதைக்கப்பட்டார். அப்புறம் எலும்புகளை போர்ச்சுகல்லுக்குக் கொண்டு போயிட்டாங்க. கல்லறை மட்டும் இருக்கு. ஆள் இல்லாத இடத்துக்குத்தான் எவ்வளவு கூட்டம்!

அங்கேயிருந்து சைக்கிளைத் திருப்பி கல்வத்தி வழியா பஜார் ரோட்டுக்குள்ள நுழைஞ்சதும் ஆரம்பிச்சது உண்மையான கொச்சி. ஒரு பக்கம் கிடங்கு, கிடங்குக்குப் பின்னாடி காயல். சுக்கு, மிளகு, ஏலக்காய்னு ஒவ்வொரு வாசலுக்கும் ஒரு வாசம். கண்ணை மூடிக்கிட்டே வழி சொல்லலாம். சைக்கிள்ல போறப்போ கண்ணை மூடாதீங்க, எதிர்ல மூட்டை வண்டி வரும்!

படித்துறையில நின்னா எதிர்ல வில்லிங்டன் தீவு. 1920-ல வந்த ராபர்ட் பிரிஸ்டோன்னு ஒரு இன்ஜினீயர், துறைமுகத்துக்காகத் தோண்டின மண்ணைக் கொட்டியே பெரிசாக்கின தீவு. நாங்க லேப்ல ஒரு நட்டைத் தொலைச்சிட்டு மூணு நாள் தேடுற பார்ட்டி. பார்த்து பெருமூச்சு விட்டுட்டு நகர்ந்தோம்.

மட்டாஞ்சேரியில பத்து நிமிஷம் சைக்கிள் மிதிச்சா பாதி இந்தியாவைத் தாண்டிடலாம். யூதர் தெருவுல 1568-ல கட்டின பரதேசி சினகாக். சனிக்கிழமை மூடியிருக்கும்னு யாரும் சொல்லலை, வெளியே நின்னு மணிக்கூண்டை மட்டும் பார்த்தோம். 1948-ல இஸ்ரேல் உருவானதுக்கு அப்புறம் கொச்சி யூதர்கள்ல பெரும்பாலானவங்க அங்கே கிளம்பிட்டாங்க. தெரு மட்டும் அவங்க பேர்லயே இருக்கு. அடுத்த தெரு குஜராத்தி, மிட்டாய்க் கடையில நெய் மணக்குது. இன்னொரு பக்கம் சேர்லாய். அங்கே கொங்கணி பேசுறாங்க. 16-ம் நூற்றாண்டுல போர்ச்சுகீசியர் கெடுபிடி தாங்காம கோவாவை விட்டு வந்தவங்களோட வாரிசுங்க. நாங்க போகாத கோவா, எங்களுக்கு முன்னாடியே இங்கே வந்திருக்கு!

மதியம் பிரியாணி. சின்னச் சின்னக் கைமா அரிசி, மட்டன், பக்கத்துல பேரீச்சம்பழ ஊறுகாய். முடிச்சதும் சுலைமானி. பால் இல்லாத டீயில எலுமிச்சை பிழிஞ்சு தர்றாங்க. மதுரை சால்னா பார்ட்டியான நானே சரண்டர்.

பஞ்சர் ஆன இடம்

இங்கேயிருந்து பீச்சுக்குப் போய் சூரியன் மறையறதைப் பார்க்கிறதுதான் பிளான். வெளிப் பக்கம் வர்றப்போ என் சைக்கிள் பின் டயர் புஸ்ஸ்! ('வெளி'ங்கிறது ஃபோர்ட் கொச்சியில ஒரு இடத்தோட பேருங்க.) தள்ளிக்கிட்டே போனா, ஒரு மதிலுக்குப் பின்னாடி வெள்ளை வெளேர்னு நூத்துக்கணக்கான விரிப்புகள் காத்துல ஆடுது. பஞ்சர் கடை எங்கேன்னு கேட்கலாம்னு உள்ளே எட்டிப் பார்த்தோம். ரூம்மேட் மலையாளத்துல கேட்டான். உள்ளேயிருந்து தமிழ்ல பதில் வந்துச்சு.

"நேரா போய் எடத்தால திரும்புங்க தம்பி. எந்தூரு?"

அதுதான் ஃபோர்ட் கொச்சி 'தோபி கானா'. டச்சுக்காரங்க காலத்துல பட்டாளத்துத் துணி வெளுக்கறதுக்காகத் தமிழ்நாட்டுலேர்ந்து கொண்டு வரப்பட்ட வண்ணார் குடும்பங்களோட வழிவந்தவங்க இவங்கன்னு சொல்றாங்க. பரம்பரையா குளங்கள்ல வெளுத்துக்கிட்டு இருந்தவங்களுக்கு, 1976-ல கொச்சி வளர்ச்சி ஆணையம் இந்த இடத்தைக் கட்டிக் கொடுத்துச்சு. வரிசையா துவைக்கிற தொட்டிங்க, ஒவ்வொண்ணுலயும் ஒரு கல். காய வைக்கிற கயித்துக்கு கிளிப்பே கிடையாது. ரெண்டு கயித்தை முறுக்கி, அந்த முறுக்குக்குள்ள துணியோட நுனியைச் செருகிடுறாங்க. என்ன காத்தடிச்சாலும் விழாது. கஞ்சிக்கு சோத்துத் தண்ணி. ஹோட்டல் விரிப்பு, ஆஸ்பத்திரி உடுப்பு, கல்யாண வேட்டின்னு எல்லாம் இங்கே வருது.

இஸ்திரி போடுற கூடத்துல ஒரு தாத்தா, கரிப் பெட்டியை வெச்சு வேட்டி தேய்ச்சுக்கிட்டிருந்தார். "பழைய ஆளுங்க கொஞ்சம் பேர்தான் தம்பி இருக்கோம். பிள்ளைங்கள்லாம் வேற வேலைக்குப் போயாச்சு. நல்லதுதானே?" என்றார். தமிழ்தான், நடுநடுவுல மலையாளம் கலந்த தமிழ். ரூம்மேட் ஆசையா பெட்டியைத் தூக்கிப் பார்த்தான். ரெண்டு கையாலயும் தூக்க முடியலை. தாத்தா சிரிச்சுக்கிட்டே, "நீங்க பாக்குறீங்களா?"னு என்கிட்ட நீட்டினார்.

நான் வாங்கினேன். கை தானா வேலை செஞ்சுது. விரல்ல தண்ணி தொட்டு அடியில தெளிச்சு சூடு பார்த்தேன். 'சுர்ர்'னு சத்தம் சரியா வந்ததும், வேட்டிக் கரையை இடது கையால நீவிவிட்டு, ஓரத்துலேர்ந்து உள்பக்கமா இழுத்தேன். சாம்பல் விழாம பெட்டியைத் தூக்கி ஓட்டு மேல வெச்சேன்.

தாத்தா என்னையே பார்த்தார். "தம்பி, இது பழகின கையாச்சே. யாரு வீட்டுப் புள்ள நீங்க?"

மூணு வருஷமா நான் யாருக்கும் சொல்லாத பதிலை அங்கேதான் சொன்னேன். அப்பா மதுரையில ஒரு அபார்ட்மென்ட் வாசல்ல தள்ளுவண்டியில இஸ்திரி போடுறார். எட்டாவது படிக்கிறப்பலேர்ந்து லீவு நாள்ல நானும் போடுவேன். வண்டிக்குக் கீழே உட்கார்ந்துதான் பிளஸ் டூ படிச்சேன். வீட்டுல முதல் பட்டதாரி நான்தான். 'அப்பா என்ன பண்றார்?'னு முதல் நாள் கிளாஸ்ல வரிசையா கேட்டுக்கிட்டு வந்தப்போ, எனக்கு முன்னாடி உட்கார்ந்திருந்தவன் 'டாக்டர்' என்றான். என் முறை வந்தப்போ 'துணி பிசினஸ்'னு வாய்ல வந்துச்சு. துணிதானே, பொய்யில்லையேன்னு எனக்கு நானே சொல்லிக்கிட்டேன். அந்த வார்த்தைக்குப் பின்னாடி தொழில் மட்டுமா இருக்கு? சாதியும் இருக்கே. அதுக்குத்தான் பயம்.

தாத்தா ஒண்ணும் சொல்லலை. இன்னொரு வேட்டியை எடுத்துப் போட்டார். "அப்ப இதையும் முடிச்சிருங்க" என்றார்.

வெளியே வந்து ரெண்டு பேரும் சைக்கிளைத் தள்ளிக்கிட்டு நடந்தோம். ரூம்மேட் ரொம்ப நேரம் பேசலை. போச்சுடா, கோவிச்சுக்கிட்டான்னு நினைச்சேன். பஞ்சர் கடை வாசல்ல நின்னு சீரியஸா கேட்டான்.

"எடா துரோகி, மூணு வருஷமா கசங்கின சட்டையோட வைவாவுக்குப் போயிருக்கேன். அப்பல்லாம் நீ சும்மா பார்த்துட்டுதானே இருந்த?"

சிரிச்சுட்டேன். சிரிக்கிறப்போ கண்ணுல தண்ணி வந்துச்சு. சுக்கு வாசம்னு சொல்லி சமாளிச்சேன், அங்கே சுக்குக் கிடங்கே இல்லை.

கொட்டாங்குச்சிக் கரி

சூரியன் மறையறதைப் பார்க்கலை. பஞ்சர் ஒட்டி முடிக்கவே இருட்டிடுச்சு. சூடா பழம்பொரி வாங்கிக்கிட்டு ரோ-ரோ ஏறினோம். படகு நடுக்காயல்ல இருக்கிறப்போ அப்பாவுக்கு போன் போட்டேன். தோபி கானா கதையைச் சொன்னேன். ரூம்மேட்கிட்ட சொன்னதையும் சொன்னேன். அப்பா அதுக்கு ஒண்ணுமே சொல்லலை. கொஞ்ச நேரம் கழிச்சு, "அங்க பெட்டிக்கு என்ன கரிப்பா போடுறாங்க?" என்றார்.

"கொட்டாங்குச்சிக் கரிப்பா."

"அதான் நல்லா நின்னு எரியும். அடுத்த தடவை போறப்ப அந்தக் கயிறு முறுக்குற விதத்தை போட்டோ எடுத்துட்டு வா."

மறுநாள் காலையில வைப்பின்லேர்ந்து ஹைகோர்ட் ஜெட்டிக்கு வாட்டர் மெட்ரோ. 2023 ஏப்ரல்ல இந்த ரூட்லதான் முதல்ல தொடங்குச்சு. கொச்சி கப்பல் கட்டும் தளத்துல செஞ்ச பேட்டரி படகு, சத்தமே இல்லை. அலை ஏறி இறங்கினாலும் மிதக்கிற மேடையும் படகும் ஒரே மட்டத்துல நிக்குது. சக்கர நாற்காலியில வந்த ஒரு பாட்டி யார் தயவும் இல்லாம உள்ளே போனாங்க. முந்தாநாள் ராத்திரி கேட்ட பிரசவ வலிக் கதை ஞாபகம் வந்துச்சு.

கார்ல போயிருந்தா டயர் பஞ்சர் ஆனாலும் ஸ்டெப்னி மாட்டிட்டுக் கிளம்பியிருப்போம். சைக்கிள்ல போனா நிக்கணும். நின்னா, 'எந்தூரு? யாரு வீட்டுப் பிள்ளை?'னு யாராவது கேட்பாங்க. பதிலை மட்டும் சரியா சொல்லிடுங்க பாஸ்!

கிளம்புறீங்களா? இதைக் கவனிங்க!

* சினகாக் பார்க்கணும்னா வெள்ளி, சனி வேண்டாம். மட்டாஞ்சேரி அரண்மனைக்கு வெள்ளிக்கிழமை லீவு.

* ஜூன், ஜூலை மழையில சைக்கிள் வேலைக்கு ஆகாது. டிசம்பர், ஜனவரி பெஸ்ட்.

* சொந்த சைக்கிள் இல்லைன்னா ஃபோர்ட் கொச்சியில வாடகைக்குக் கிடைக்கும். எடுக்கும்போதே டயரை அமுக்கிப் பாருங்க. (அனுபவம்!)

* காசு கம்மின்னா, எர்ணாகுளம் படகுத்துறையிலேர்ந்து அரசு நீர்ப் போக்குவரத்துத் துறை படகு இருக்கு. பஸ் டிக்கெட்டைவிட மலிவு.

* தோபி கானாவுல போட்டோ எடுக்கிறதுக்கு முன்னாடி கேளுங்க. அது அவங்க வேலை பார்க்கிற இடம்.