ரொட்டிக்குள் துப்பாக்கி, செருப்புக்குள் ஓலை

தாராபுரம் பக்கம் எங்கள் தெருவில் பிள்ளைகளுக்கு மாலை வகுப்பு நடத்துகிறேன். ஒருநாள் 'காலனி எதிர்ப்பு' என்று பேச்செடுத்ததும் எட்டாவது படிக்கும் பையன் கேட்டான்: "ஏனுங்க அக்கா, காலனின்னா நம்ம தெருதானுங்களே? அத எதுக்கு எதிர்த்தாங்க?"

எல்லோரும் சிரித்தார்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அரசு ஆவணங்களில் இருந்து அந்தச் சொல்லை நீக்குவதாக 2025 ஏப்ரலில் முதலமைச்சர் சட்டமன்றத்தில் அறிவித்தார். ஊர் வாயிலிருந்து அது இன்னும் நீங்கவில்லை.

அன்று நான் சொல்ல வந்தது ஒரு கென்ய நாடகத்தின் கதை. கூகி வா தியாங்கோவும் மிசெரே முகோவும் சேர்ந்து எழுதிய 'டெடான் கிமாதியின் விசாரணை'. வெள்ளையர் பிடுங்கிய நிலத்தை மீட்கக் காட்டுக்குள் போய்ப் போராடிய மௌ மௌ படையின் தலைவர் கிமாதி. 1956 அக்டோபரில் பிடிபட்டார். துப்பாக்கி வைத்திருந்ததாக வழக்குப் போட்டு, 1957 பிப்ரவரி 18இல் தூக்கிலிட்டார்கள். புதைத்த இடத்தில் ஓர் அடையாளம்கூட வைக்கவில்லை. 1963இல் கென்யா விடுதலை பெற்றது. ஆனால் மௌ மௌ மீது வெள்ளையர் போட்ட தடை 2003 வரை நீடித்தது. 1976இல் நைரோபி தேசிய அரங்கில் இந்த நாடகம் நடந்தபோது, சட்டத்தின் கண்ணில் அதன் நாயகன் தடைசெய்யப்பட்ட இயக்கத்தின் ஆள்.

பிள்ளைகளுக்குப் பிடித்துப்போனது கிமாதி அல்ல. ரொட்டிக்குள் துப்பாக்கியை ஒளித்துக்கொண்டு அவரை மீட்கப் போகும் ஒரு பெண். நாடகத்தில் அவளுக்குப் பெயர் கிடையாது, 'பெண்' மட்டும்தான். தெருவில் பிழைக்கும் ஒரு சிறுவனும் சிறுமியும் அவளோடு சேர்கிறார்கள். கடைசியில் துப்பாக்கி அந்தப் பிள்ளைகள் கையில்.

"நம்ம பொல்லான் மாதிரிங்க அக்கா!" என்றாள் ஒருத்தி.

தீரன் சின்னமலை படையில் இருந்த அருந்ததியர் பொல்லான். கும்பினிப் படையின் நடமாட்டத்தை ஓலையில் எழுதி, செருப்புக்குள் வைத்து அனுப்பினார், அதற்காகவே கொல்லப்பட்டார் என்று எங்கள் பெரியவர்கள் சொல்வார்கள். நான் படித்த பள்ளி ஆண்டுவிழாவில் சின்னமலை நாடகம் போட்டார்கள். பொல்லானும் வந்தார். கைகட்டி நின்றார். "உத்தரவுங்க சாமி" என்பது மட்டும்தான் அவர் வசனம். அந்த வேடம் எங்கள் தெருப் பையனுக்கு.

2025 நவம்பரில் அரச்சலூர் பக்கம் ஜெயராமபுரத்தில் பொல்லானுக்கு அரசு மணிமண்டபம் திறக்கப்பட்டது. பல காலம் கேட்டுக் கேட்டுப் பெற்றது, மகிழ்ச்சி. ஆனால் சிலை பேசாது. பேசவைக்கிற இடம் மேடை. அங்கே அவரை இன்னும் விசுவாசமான வேலைக்காரனாகவே நிறுத்தினால், மண்டபம் கட்டியும் பயனில்லை. எதிரி முகாமுக்குள் புகுந்து வேவு பார்த்தவர் ஒரு போராளி. அவருக்கும் சொந்தமாக ஒரு கணக்கு இருந்திருக்கும். வெள்ளையன் போனால் யார் நிலம் யாருக்கு வரும் என்று அவர் யோசித்திருக்க மாட்டாரா? விடுதலைக்குப் பிறகும் கென்ய ஏழைகள் கேட்ட கேள்வி அது. பிறர் காட்டில் கூலிக்குப் போகும் நம் அம்மாக்களின் கேள்வியும் அதுதான்.

கூகியும் முகோவும் கிமாதி பிறந்த ஊருக்குப் போய், அவரை அறிந்தவர்களிடம் கேட்டுத்தான் எழுதினார்கள். தோழர்களே, உங்கள் பாட்டிமாரிடம் இப்போதே கேளுங்கள். புத்தகத்தில் வரட்டும் என்று காத்திருக்காதீர்கள்.

எங்கள் பிள்ளைகள் பொல்லான் நாடகம் எழுதத் தொடங்கிவிட்டார்கள். அவர் பேசும் முதல் வசனம் இன்னும் அமையவில்லை. அதில் 'சாமி' என்ற சொல் வராது என்பது மட்டும் முடிவாகிவிட்டது.