பலேர்மோவில் எங்களைச் சந்தைக்குக் கூட்டிப் போன மகளுக்கு

இலங்கை மலையகத்துப் புசல்லாவையிலிருந்து



இதை உங்களுக்கு மட்டும் எழுதி அனுப்பியிருக்கலாம். ஆனால் அந்த மாலைப்பொழுதில் நீங்கள் செய்த வேலையை எங்கள் ஊர்ப் பிள்ளைகள் அறியவேண்டும், எங்கள் மலைக்கு வந்து போகிறவர்களும் அறியவேண்டும் என்று மனம் கேட்கிறது. அதனால் எல்லார் முன்னிலையிலும் நன்றி சொல்கிறேன்.

சிசிலித் தீவின் தலைநகரில் வேலை செய்கிற என் தம்பி மகன்தான் பணம் கட்டி என்னை நீங்கள் நடத்துகிற உணவு நடைக்கு அனுப்பினான். "அத்தை, தேவாலயத்தையும் கடலையும் மட்டும் பார்த்துட்டுப் போயிடாதீங்க, இந்தப் பிள்ளையோட ஒரு பொழுது நடந்து பாருங்க" என்றான். வெள்ளைக்காரர் சிலரும் வந்திருந்தார்கள். அவர்களுக்கு இங்கிலிஷில் சொன்னதையெல்லாம் எனக்காக இன்னொரு முறை, உங்கள் வீட்டு யாழ்ப்பாணத் தமிழில், சலிக்காமல் சொன்னீர்கள். "அன்ரி, களைச்சுப் போனீங்களே?" என்று சந்திக்குச் சந்தி கேட்டீர்கள். முதல் நன்றி அதற்கு.

பலாரோ சந்தையில் தொடங்கினோம். பகல் வியாபாரம் முடிந்து மரக்கறிக் கடைக்காரர்கள் தட்டுகளைக் கழுவிக்கொண்டிருந்தார்கள். பொரிக்கிறவர்களும் சுடுகிறவர்களும் அடுப்பு மூட்டிக்கொண்டிருந்தார்கள். கடலை மாவைக் கிண்டி, ஆறவைத்து, மெல்லிய தகடாக வெட்டிப் பொரித்த பனெல்லே முதலில் வந்தது. எள் தூவிய பாணுக்குள் அதை வைத்து, தேசிக்காய் பிழிந்து தந்தார்கள். அதை நாங்கள் வாயில் வைக்குமுன் பொரித்த மனிதரைக் கூப்பிட்டு, எத்தனை தலைமுறையாக அவர் குடும்பம் அந்த மூலையில் நிற்கிறது, காலை எத்தனை மணிக்கு மா கிண்டத் தொடங்குகிறார் என்று அவர் வாயாலேயே சொல்லவைத்தீர்கள். பிறகுதான் சாப்பிடச் சொன்னீர்கள். காசையும் எங்கள் கண்முன்னே அவர் கையில் கொடுத்தீர்கள். எந்தக் கடையிலும் இந்த ஒழுங்கு மாறவில்லை: முதலில் ஆள், பிறகு உணவு.

மூன்று சக்கர வண்டியில் ஸ்ஃபின்சோனே விற்றுக்கொண்டு போனவரையும் நிறுத்தினீர்கள். பஞ்சு போன்ற பாணின் மேல் தக்காளி, வெங்காயம், நெத்தலி, சீஸ், பாண் தூள். எங்கள் ஊரில் ஆட்டோவில் பாட்டுப் போட்டுக்கொண்டு பாண் விற்க வருகிற தம்பி நினைவுக்கு வந்தார். அரிசி உருண்டைக்குள் இறைச்சி வைத்துப் பொரித்த அரஞ்சினாவைத் தந்தபோது, டிசம்பர் 13ஆம் திகதி சாந்தா லூச்சியா திருநாளில் பலேர்மோக்காரர் பாணும் பாஸ்தாவும் தொடமாட்டார்கள், இதையே சாப்பிடுவார்கள் என்றீர்கள். 1646இல் பஞ்சத்தில் வாடிய நகரத்துக்கு அந்த நாளில் தானியக் கப்பல் வந்ததாம். மா அரைக்கவும் பொறுக்காமல் சனங்கள் தானியத்தை அப்படியே அவித்துத் தின்றார்களாம். அந்தப் பசியை இன்றும் ஆண்டுக்கு ஒரு நாள் நினைத்துப் பார்க்கிற ஊர் அது.

மண்ணீரல் பாணைப் பற்றி நீங்கள் சொன்னதை நான் மறக்கமாட்டேன். கன்றின் மண்ணீரலையும் நுரையீரலையும் அவித்து, பன்றிக் கொழுப்பில் வதக்கி, பாணில் வைத்துத் தருகிறார்கள். பழைய பலேர்மோவில் மாடறுக்கும் தொழில் செய்த யூதர்கள் அதற்குக் கூலியாகக் காசு வாங்குவதில்லை, உள்ளுறுப்புகளை எடுத்துக்கொள்வார்கள், அவற்றைச் சமைத்து விற்றதில் பிறந்ததுதான் இந்த உணவு என்று அங்கே சொல்லி வருகிறார்கள். 1492இல் ஸ்பானிய அரசரின் ஆணை வந்தது. சிசிலியிலிருந்த யூதர்கள் மதம் மாறவேண்டும், இல்லையேல் ஊரை விட்டுப் போகவேண்டும் என்றானது. போனார்கள். அவர்கள் விற்ற பாண் தங்கிவிட்டது. இதைச் சொல்லிவிட்டுச் சற்று நேரம் பேசாமல் நின்றீர்கள். நானும் பேசவில்லை.

ஏன் பேசவில்லை என்று இப்போது சொல்கிறேன், மகள். 1964இல் இலங்கைப் பிரதமர் சிறிமாவும் இந்தியப் பிரதமர் சாஸ்திரியும் செய்த ஒப்பந்தத்தில் எங்கள் மலையகத் தமிழரில் 5,25,000 பேரை இந்தியா ஏற்பதென்று எழுதினார்கள். எங்கள் லயத்தில் பக்கத்துக் காம்பராவில் இருந்தவர்கள் தட்டுமுட்டுச் சாமான்களைச் சாக்கில் கட்டிக்கொண்டு ரயிலேறித் தலைமன்னார் போய்க் கப்பலேறினார்கள். சிலர் நீலகிரியில், கூடலூரிலும் கோத்தகிரியிலும், தமிழ்நாட்டு அரசு திறந்த தேயிலைத் தோட்டங்களில் மறுபடியும் கொழுந்து பறிக்கப் போனார்கள். அந்த வீட்டு அம்மா அரைக்கிற கட்டச்சம்பலின் பக்குவம் என் அம்மாவின் கையில் தங்கியது. அம்மாவிடமிருந்து என் கைக்கு வந்தது. அதைச் சாப்பிட்ட எவரிடமும் யாருடைய கைப்பக்குவம் என்று நான் சொன்னதில்லை. இப்போது சொல்கிறேன். பலேர்மோவிலிருந்து வந்த பிறகுதான் சொல்லத் தொடங்கினேன்.

இனி வைனுக்கு வருகிறேன். இந்தக் கடிதத்தின் பாதி பாரம் அதில்தான் இருக்கிறது.

வுச்சிரியாச் சந்தைக்குப் பக்கத்தில் ஒரு சின்னக் கடையில் உட்காரவைத்து, சின்னக் கிளாஸில் மர்சாலா ஊற்றினீர்கள். வாயில் வைத்தால் காய்ந்த முந்திரிகைப் பழமும் கருகிய சீனியும் கலந்தாற்போல ஓர் இனிப்பு. விழுங்கியபின் நெஞ்சில் ஒரு சூடு. அது எப்படி வந்தது என்று சொன்னீர்கள். 1773இல் ஜோன் வூட்ஹவுஸ் என்ற இங்கிலிஷ் வியாபாரி மர்சாலாத் துறைமுகத்துக்கு வந்தார். அந்த ஊர் வைன் அவருக்குப் பிடித்தது. நெடுங்கடல் பயணத்தில் கெட்டுப்போகாமல் இருக்கத் திராட்சைச் சாராயம் சேர்த்து இங்கிலாந்துக்கு ஏற்றினார். 1800இல் நெல்சனின் கடற்படைக்கே இந்த வைன் போனது. பிறகு இங்கம் என்ற இன்னொரு இங்கிலிஷ் வியாபாரி வந்தார்; 1833இல் புளோரியோ என்ற இத்தாலியரும் தொழிலில் இறங்கினார். அவர்கள் பெயர் உலகம் முழுக்கப் போனது. கிரில்லோ முந்திரிகைப் பழத்தை ஆவணி வெயிலில் குனிந்து வெட்டியவர்கள் பெயர் எந்தப் போத்தலிலும் ஒட்டப்படவில்லை என்று நீங்கள் சொன்னபோது எனக்கு மயிர் கூச்செறிந்தது.

காரணம், எங்கள் ஊர்க் கதையும் அதுவேதான். புசல்லாவையில் 1841இல் வோர்ம்ஸ் சகோதரர்கள் கோப்பித் தோட்டம் போட்டு, தங்கள் தாய்வழிக் குடும்பத்தின் பெயரான ரொத்ஸ்சைல்டை அதற்கு வைத்தார்கள். சீனத்துத் தேயிலைக் கன்றுகளையும் அங்கே நட்டுப் பார்த்தார்கள். ஜேம்ஸ் டெய்லர் 1867இல் லூல்கந்துரையில் தேயிலை போடுவதற்கு எத்தனையோ வருடம் முந்திய சங்கதி அது. தோட்டத்தின் பெயர் இன்றும் வழங்குகிறது. தமிழ்நாட்டிலிருந்து கடல் கடந்து, மன்னார்க் காட்டு வழியே நடந்து, வழியில் பாதிப் பேரைப் பறிகொடுத்த குடும்பங்களும் உண்டு. மீந்தவர்கள் வந்துதான் இந்த மலையை வெட்டித் திருத்தினார்கள். அவர்களுக்கு இங்கே ஒரு பெயர்ப்பலகை இல்லை.

இன்னொன்றையும் சொன்னீர்கள். 1880களில் ஒரு சின்னப் பூச்சி சிசிலியின் முந்திரிகைக் கொடிகளின் வேரை அரித்தது. தோட்டங்கள் அழிய, குடும்பம் குடும்பமாகச் சனங்கள் அமெரிக்காவுக்குக் கப்பலேறினார்கள். 1869இல் எங்கள் மலையில் கோப்பி இலையில் ஒரு பூஞ்சை நோய் விழுந்தது. தொரைமார் கோப்பியைப் பிடுங்கித் தேயிலை போட்டார்கள். ஒரு பருவத்துக்கு வந்து பழம் பறித்துவிட்டு ஊருக்குத் திரும்பிய எங்கள் ஆட்கள், வருடம் முழுக்கக் கொழுந்து எடுக்கவேண்டியதால் லயத்திலேயே தங்கிப்போனார்கள். நோய் வந்தது செடிக்கு, தலையெழுத்து மாறியது மனிதருக்கு. அந்தச் சின்னக் கடையில் உட்கார்ந்து இதை நான் சொன்னபோது, மற்றவர்களையும் நிறுத்தி, "இவங்க சொல்றதைக் கேளுங்கோ" என்று எனக்காக மொழிபெயர்த்தீர்களே, அதற்கு எப்படி நன்றி சொல்வேன்? என் ஊரின் கதையை அக்கறையாகக் கேட்பதற்கென்று முன்பின் அறியாதவர்கள் வாயை மூடிக்கொண்டிருந்ததை நான் அங்கேதான் பார்த்தேன்.

பந்தெல்லேரியாத் தீவின் இனிப்பு வைனைக் கடைசியாகத் தந்தீர்கள். காற்று ஓயாத அந்தத் தீவில் கொடியைக் குழிக்குள் நட்டு, முழங்கால் உயரத்துக்குமேல் வளரவிடாமல் வெட்டி வளர்க்கிறார்கள். முதுகை மடித்துத்தான் எல்லா வேலையும். 2014இல் யுனெஸ்கோ அதைப் பாரம்பரியச் செல்வமாகப் பதிவு செய்தது. பதிவானது வைன் அல்ல, கொடி வளர்க்கிற அந்தக் கைவேலை என்று அழுத்திச் சொன்னீர்கள். இரண்டு இலையும் ஒரு மொட்டும் எதுவென்று பார்க்காமலே விரலால் கண்டுபிடிக்கிற எங்கள் பெண்களை நினைத்தேன். என் அம்மாவின் விரல் நுனி தேயிலைப் பாலில் கறுத்து வெடித்திருக்கும்.

உங்கள் வீட்டைப் பற்றியும் கேட்டேன். 1983 இனக்கலவரத்துக்குப் பிறகு வந்தவர் உங்கள் அப்பா. ஹோட்டல்களில் தட்டுக் கழுவினார். ஞாயிற்றுக்கிழமைகளில் குடும்பமாக மொன்தே பெல்லெக்ரினோ மலையேறி, சாந்தா ரொசாலியாவிடம் போவீர்களாம். 1624இல் கொள்ளைநோய் வந்தபோது நகரத்தைக் காத்தவள் என்று பலேர்மோ கும்பிடுகிற அந்தப் புனிதையிடம் இந்துவான நம் சனமும் நேர்த்தி வைத்துப் போகிறது. மாத்தளை மாரியம்மனிடம் வழி நடையில் கும்பிட்டு வந்த பரம்பரை நாங்கள். எங்களுக்கு இது விளங்கும். பலாரோவில் கடை வைத்திருந்த வங்காளதேசத்துச் சகோதரர்கள் மாஃபியாவுக்குக் கப்பம் கட்ட மறுத்துப் பொலிஸில் வாக்குமூலம் கொடுத்து, 2016இல் பத்துப் பேர் கைதானதையும் அந்தக் கடைத்தெருவிலேயே நின்று சொன்னீர்கள். வந்தேறிகள் என்று பேர் வாங்கியவர்கள் அந்தத் தெருவுக்குச் செய்த உபகாரம் அது. ருசி காட்ட வந்த இடத்தில் இதையெல்லாம் ஏன் சொல்லவேண்டும் என்று யாரும் கேட்கவில்லை. உங்கள் பேச்சில் அந்த நியாயம் இருந்தது.

இப்போது எங்கள் ஊர் நடப்பைச் சொல்கிறேன். கம்பளையிலிருந்து நுவரெலியா போகிற பெருவழியில் புசல்லாவையைக் கடந்து சுற்றுலா வண்டிகள் நாள் முழுக்க ஓடுகின்றன. வழியில் தேயிலை ஸ்டோர்களில் நிறுத்துவார்கள். கொழுந்தை வாட்டுவது, உருட்டுவது, புளிக்கவைப்பது, காயவைப்பது, சலிப்பது எல்லாம் காட்டுவார்கள். பி.ஓ.பி., பி.ஓ.பி.எஃப். என்று வகை வகையாகக் கிண்ணத்தில் ஊற்றிக் கொடுப்பார்கள். அருமையான தேத்தண்ணிதான், அதில் எனக்குப் பெருமை உண்டு. ஆனால் கொழுந்தெடுத்தவள் அங்கே படமாகத்தான் தொங்குகிறாள். வண்டியை நிறுத்தி மலையில் நிற்கிற பெண்களைக் கேட்காமல் படம் பிடிப்பவர்களும் உண்டு. நீங்கள் ஒவ்வொரு கடையிலும் "படம் எடுக்கலாமா?" என்று முதலில் கேட்டு, வேண்டாம் என்றவரிடம் தலையாட்டி நகர்ந்ததை எங்கள் வழிகாட்டிகள் பார்த்திருக்கவேண்டும்.

புசல்லாவையில் ஒரு மாலை நடையை என் மனதுக்குள் நடந்து பார்த்துவிட்டேன், மகள். பின்னேரம் கொழுந்து நிறுக்கிற இடத்தில் தொடங்கவேண்டும். கிலோ குறைத்துப் போடுகிறார்களா என்று தராசையே பார்த்துக்கொண்டு நிற்கிற பெண்களின் முகத்தை வந்தவர்கள் பார்க்கவேண்டும். 2024இல் ஒரு நாள் அடிப்படைச் சம்பளம் 1,350 ரூபாய்க்கு வருவதற்கு எத்தனை வருடப் போராட்டம் என்பதை அந்தப் பெண்களில் ஒருத்தியே சொல்லவேண்டும். பிறகு லயத்து இஸ்தோப்பில் உட்கார்ந்து, விறகடுப்பில் சுட்ட தேங்காய்ப்பூ ரொட்டியும் கட்டச்சம்பலும், தொட்டுக்கொள்ளக் கருவாட்டுக் குழம்பும். கீழே சிங்களக் கிராமத்துக் கித்துல் பாணி. பிரியப்பட்டவர்களுக்குக் கித்துல் கள்ளும். அது சீவுகிறவரின் மரமேறும் கதையோடு வரவேண்டும். டவுனுக்கு இறங்கி முஸ்லிம் ஹோட்டலில் கொத்து ரொட்டி. கடைசியில் சாயத்தண்ணி. நல்ல தூளெல்லாம் 1883இலிருந்து கொழும்பு ஏலத்துக்குப் போய்க்கொண்டிருக்க, தோட்டத்து வீடுகளுக்கு வந்து சேர்ந்த டஸ்ட் தூளில் ஊற்றிய சாயத்தண்ணி. அதன் கடுப்பில் வளர்ந்தவர்கள் நாங்கள்.

யாருடைய வீட்டுக்குள்ளும் அனுமதி இல்லாமல் ஒருவரும் போகக்கூடாது. சமைத்தவளுக்குக் காசு முதலில் போகவேண்டும், இடையில் ஒருவர் கையில் தங்காமல். இவற்றில் விட்டுக்கொடுத்தால் அந்த நடையே வேண்டாம். லயத்து வறுமையைக் காட்சிக்கு வைக்க நான் சம்மதிக்கமாட்டேன். பலாரோவில் நான் பார்த்தது தங்கள் தொழிலைத் தாங்களே பெருமையோடு விளக்கிய மனிதர்களை.

எங்கள் ஊரில் ஓ.எல்., ஏ.எல். முடித்துவிட்டுக் கொழும்புக் கடைகளில் மூட்டை தூக்கப் போகிற பிள்ளைகள் பலர். நான் படிப்பித்த பிள்ளைகள் அவர்கள். தமிழ், சிங்களம், ஓரளவு இங்கிலிஷ் மூன்றும் பேசுவார்கள். பாட்டியின் கதை அவர்களுக்கு மனப்பாடம். இவர்களில் சிலருக்கு நீங்கள் செய்கிற வேலையைக் கற்றுக்கொடுக்க ஒரு முறை இங்கே வாருங்கள். என் வீட்டில் தங்கலாம். அப்பாவையும் அம்மாவையும் கூட்டி வாருங்கள்.

இதைப் படிக்கிற எங்கள் ஊர் இளையவர்களுக்கும் ஒரு வேண்டுகோள். பயிற்சிக்கும் சான்றிதழுக்கும் முன்னால் உங்கள் வீட்டு அடுப்படியில் நிற்கிற பெரியவரிடம் போய், இந்தப் பக்குவம் யாரிடம் பழகியது, அவர்கள் எங்கிருந்து வந்தார்கள் என்று கேட்டுப் பெயரோடு எழுதி வையுங்கள். எங்கள் தலைமுறையில் சொல்லக்கூடியவர்கள் குறைந்துகொண்டே வருகிறார்கள்.


புசல்லாவையில் ஓய்வுபெற்ற ஓர் ஆசிரியை