கறுத்த மணலும் என் அக்காளும்

எங்கள் அம்மா பிறந்தது கன்னியாகுமரி மாவட்டத்துச் சின்னவிளை. மணவாளக்குறிச்சியை ஒட்டிய கடற்கரை ஊர். கோடை விடுமுறைக்குத் தூத்துக்குடியிலிருந்து ஆச்சி வீட்டுக்குப் போவோம். அங்கே கரை மணல் கறுப்பும் சிவப்புமாக மின்னும். அதில் வீடு கட்டி விளையாடி வளர்ந்தவர்கள் நாங்கள். சென்ற தை மாதம் அக்காளைப் பெண் பார்க்க வந்தவர்களில் ஒரு பெரியவர், "பெண்ணின் தாய் அந்த மணல் ஊரா? பிறக்கிற பிள்ளைக்கு ஏதும் வருமே" என்றார். அதோடு பேச்சு நின்றுவிட்டது. அன்றிரவு அக்காள் சாப்பிடவில்லை.

எங்கள் விஞ்ஞான சிஸ்டரிடம் கேட்டேன். 1909-ஆம் ஆண்டில், தேங்காய் நாரில் ஒட்டியிருந்த இந்த மணலில்தான் ஷாம்பர்க் என்ற ஜெர்மானியர் மோனசைட்டைக் கண்டாராம். அதிலுள்ள தோரியம் அக்காலத்தில் கேஸ் விளக்கின் மாண்டிலுக்கு வேண்டியிருந்தது. தோரியமும் அதிலிருந்து தோன்றும் தனிமங்களும் ஓயாமல் கதிர்களை வீசுகின்றன. கதிர் செல்லுக்குள் புகுந்தால் டி.என்.ஏ. இழை அறுபடலாம். கிழிந்த வலையை அப்பா பின்னிச் சரிசெய்வதுபோல, செல்லும் அதைச் சரிசெய்துகொள்கிறது. பின்னுகையில் ஒரு கண் மாறிவிட்டால் அதுவே திடீர் மாற்றம். அது உடலின் மற்ற செல்லில் நேர்ந்தால் அவரோடு நிற்கும், சிலவேளை புற்றுநோயாகலாம். இனப்பெருக்க செல்லில் நேர்ந்தால்தான் பிள்ளைக்குப் போகும். 1927-இல் முல்லர் பழ ஈக்களின்மீது எக்ஸ் கதிர்களைச் செலுத்தி இதை மெய்ப்பித்தார்.

அப்படியானால் பெரியவர் சொன்னது சரிதானா? இதே வகை மணல் கேரளத்துக் கொல்லம் கரையிலும் உண்டு. அங்கே தாய்வழி வரும் மைட்டோகாண்ட்ரியா டி.என்.ஏ.வில் மாற்றங்கள் கூடுதல் என்று 2002-இல் ஓர் ஆய்வு வெளிவந்தது. கேட்டதும் எனக்கு நெஞ்சு பதறியது. "மாற்றம் வேறு, நோய் வேறு, பொறு" என்றார்கள் சிஸ்டர். கருநாகப்பள்ளியில் ஏறத்தாழ 70,000 பேரைச் சராசரியாகப் பத்தாண்டுகளுக்கு மேல் கவனித்து 2009-இல் வெளியான ஆய்வில், கதிர் மிகுந்த இடங்களில் புற்றுநோய் கூடியிருக்கவில்லை. 1995 முதல் அப்பகுதி மருத்துவமனைகளில் பிறந்த ஓர் இலட்சத்துக்கும் மேற்பட்ட குழந்தைகளைச் சோதித்ததில், பிறவிக் குறைகளும் அங்கே கூடுதல் இல்லை.

புகையிலைப் புகையோ அப்படியல்ல. அதிலுள்ள பென்சோபைரீன் முதலிய நஞ்சுகள் நுரையீரல் செல்லின் டி.என்.ஏ.வையே கெடுக்கும், அதனால் புற்றுநோய் வருவதில் ஐயமில்லை. பெண் பார்க்க வந்த அன்று அந்தப் பெரியவர் எங்கள் திண்ணையில் மூன்று பீடி குடித்தார். துண்டுகளைப் பெருக்கியவள் நான்.

எல்லாவற்றையும் அக்காளிடம் சொன்னேன். "இதை அவர்களிடம் யார் போய்ச் சொல்வது?" என்றாள். அம்மா ஒன்றும் பேசவில்லை. இந்தக் கோடைக்கும் சின்னவிளைக்குப் போகிறோம், அக்காளும் வருகிறாளாம்.