கீழே ஒரு கோடு, வலப்பக்கம் ஒரு கோடு

தாலுகா ஆபீஸ் எதிரே பிரவுசிங் சென்டர் நடத்தும் அந்த அக்காவுக்கு, சாயங்காலம் ஆனால் வலது மணிக்கட்டு விண்ணென்று தெறிக்கும். வருமானச் சான்று, சாதிச் சான்று, பட்டா என நாள் முழுக்கப் பக்கங்களைத் திறப்பதும் மூடுவதும்தான் வேலை. திரை மூலையில் கிடக்கும் குட்டிப் பெருக்கல் குறியை எத்தனை தடவைதான் தேடிப் பிடிப்பது?

கல்லூரியில் படிக்கும் மகன்தான் ஓபரா பிரவுசரின் செட்டிங்ஸில் ‘மவுஸ் ஜெஸ்சர்ஸ்’ வசதியை ஆன் செய்து கொடுத்தான். மவுஸின் வலது பட்டனை அழுத்தியபடி இடப்பக்கம் இழுத்தால் முந்தைய பக்கம். கீழே இழுத்தால் புது டேப். கீழே இழுத்து வலப்பக்கம் திருப்பினால் டேப் மூடிக்கொள்ளும். பக்கத்தின் எந்த இடத்திலும் இழுக்கலாம். 2001-லேயே ஓபராவில் வந்துவிட்ட வசதி இது!

இரண்டாம் நாளே, பாதி நிரப்பிய விண்ணப்பம் மூடிக்கொண்டது. வரிசையில் நின்ற பெரியவர் முறைத்தார். அக்கா மகனுக்குப் போன் போட்டார்.

“கன்ட்ரோல், ஷிப்ட், டி மூணையும் சேர்த்து அழுத்தும்மா. மூடின டேப் திரும்ப வந்துடும்.”

“நான் அடிச்சதெல்லாம்?”

“அது சந்தேகம்தாம்மா.”

அதிலிருந்து விண்ணப்பம் நிரப்பும்போது மட்டும் அக்கா கோடு இழுப்பதில்லை. மற்ற நேரமெல்லாம் அதுதான். வலி முழுசாகப் போகவில்லை. தைலப் பாட்டில் மேஜையிலிருந்து டிராயருக்குள் போயிருக்கிறது.